வெடிக்காத குழி

சைரன் மூன்று முறை ஊதும். முதல் ஊதல் முடிந்ததும் அவர் என் அறை வாசலுக்கு வந்து நிற்பார். கையில் மூங்கில் கழியில் கட்டிய சிவப்புத் துணி இருக்கும். "சிஸ்டர், காதப் பொத்திக்குங்க" என்பார். வேறு பேச்சு கிடையாது. நான் தலையாட்டியதைப் பார்த்த பிறகுதான் அடுத்த கொட்டகைக்கு நகர்வார். சற்று நேரத்தில் வெடி வெடித்துத் தலைக்கு மேல் தகரம் அதிரும். டெட்டால் கலந்து வைத்த பேசினில் தண்ணீர் வட்டம் வட்டமாக விரிந்து அடங்கும். ஜன்னல் வழியே பார்த்தால் பள்ளத்துக்குள்ளிருந்து வெள்ளைப் புழுதி சோம்பலாக எழும்பி, காற்று எந்தப் பக்கமோ அந்தப் பக்கம் சாயும். கொஞ்ச நேரத்தில் அது என் மேசை மேலும், பஞ்சு ஜாடி மேலும், என் இமை மயிரிலும் வந்து உட்கார்ந்துவிடும்.

அரியலூருக்குப் பக்கத்தில் ஒரு சிமெண்ட் ஆலைக்குக் கல் கொடுக்கும் சுரங்கத்தில் முதலுதவி அறைச் செவிலியாக ஐந்து ஆண்டுகள் இருந்தேன். சுரங்கம் என்றதும் பூமிக்கடியில் இருட்டுக் குகை என்று நினைத்துக்கொண்டுதான் நானும் முதல் நாள் போனேன். அது திறந்த பள்ளம். ராட்சதப் படிக்கட்டு மாதிரி வெட்டிக்கொண்டே இறங்கியிருந்தார்கள். அடியில் நிற்கும் லாரி மேலிருந்து பார்க்கத் தீப்பெட்டி அளவு தெரியும். நான் திருமானூர்ப் பக்கம், கொள்ளிடக் கரையில் நெல்லும் கரும்பும் பார்த்து வளர்ந்தவள். பச்சையே இல்லாத அவ்வளவு பெரிய இடத்தை அதற்கு முன் பார்த்ததில்லை. வெயிலில் கல்லின் வெள்ளை கண்ணைக் குத்தும். முதல் வாரம் முழுக்க எனக்குத் தலைவலி. அந்த வாரம்தான் அவர் வாசலில் நின்று, "வெள்ளையப் பாக்காதீங்க சிஸ்டர், லாரியப் பாருங்க. கண்ணு பழகிக்கும்" என்றார்.

சுரங்கத்தில் ஒரு குழு ஆட்களை வைத்து வேலை வாங்குபவரை மேட் என்பார்கள். வெடி வைக்கும் முன் பள்ளத்தைக் காலி செய்வது, வெடித்த பின் இடத்தைப் பார்த்து ஆட்களை உள்ளே விடுவது, இரண்டும் அவர் பொறுப்பு. என் வாசலில் வந்து நிற்பவர் அப்படி ஒரு மேட். எல்லோரும் அவரை மேட்டு என்றே கூப்பிட்டார்கள். அவருடைய மனைவிகூட என்னிடம் பேசும்போது "மேட்டு சாப்டாரா?" என்றுதான் கேட்பார். ஐம்பதை ஒட்டிய வயது, ஒல்லி உடம்பு, முழங்காலுக்குக் கீழே பழைய தழும்புகள். பேசும்போது முகத்தைப் பார்க்க மாட்டார், நம் தோளுக்குப் பின்னால் எதையோ பார்ப்பார். அது மரியாதைக் குறைவு என்று முதலில் நினைத்தேன். அவர் எப்போதும் ஆட்களை எண்ணிக்கொண்டிருக்கிறார் என்பது பிறகுதான் புரிந்தது. காலையில் பதினாறு பேர் இறங்கினால் மாலையில் பதினாறு தலை மேலே வர வேண்டும். "ஆளு எண்ணாம மேல ஏறப்படாது" என்பது அவர் வாய்ச்சொல். ஒருமுறை ஒருத்தர் குறைந்தார் என்று மழையில் மறுபடி பள்ளத்துக்குள் போய், லாரி நிழலில் தூங்கியவரை எழுப்பிக் கூட்டிவந்தார்.

அந்தப் பள்ளத்தின் ஒரு பகுதி அவருடைய குடும்பத்து நிலம். கம்பும் பருத்தியும் விளைந்த மூன்று ஏக்கர் மானாவாரி. ஆலை வந்தபோது அப்பா எழுதிக் கொடுத்தார். நிலம் கொடுத்த குடும்பத்தில் ஒருவருக்கு வேலை என்று சொன்னார்கள். மூத்தவர் என்பதால் அந்த வேலை இவருக்கு வந்தது. இவருக்கு ஆறு வயது இளைய தம்பி ஒருவர் உண்டு. அவருக்கு நிலமும் இல்லை, வேலையும் இல்லை. கொஞ்ச காலம் அரும்பாவூர்ப் பக்கம் கரும்பு வெட்டப் போனார், திருப்பூர் போனார், திரும்பி வந்தார். கடைசியில் அதே சுரங்கத்தில் காண்ட்ராக்ட் கூலியாகச் சேர்ந்தார். அண்ணன் தலையில் மஞ்சள் ஹெல்மெட், தம்பி தலையில் நீலம். மஞ்சளுக்கு ஆலை ஆஸ்பத்திரி உண்டு, போனஸ் உண்டு, தீபாவளிக்கு இனிப்புப் பெட்டி உண்டு. நீலத்துக்கு இருந்தது என் அறை மட்டும்தான். ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள், ஒரே நிலத்துக்குச் சொந்தக்காரர்கள், ஒரே கல்லைத்தான் புரட்டினார்கள்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் மேட்டு சில சமயம் பழைய கதை சொல்வார். அவர் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் கல்லைச் சம்மட்டியால்தான் உடைத்தார்களாம். குடும்பம் குடும்பமாக வருவார்கள், ஆண்கள் உடைக்கப் பெண்கள் கூடையில் சுமந்து லாரியில் கொட்டுவார்கள். அவர் மனைவியும் சுமந்தவர்தான். பிறகு துளை போடும் மெஷின் வந்தது, பிறகு அள்ளிப் போடும் மெஷின், பிறகு வீடு மாதிரி உயர்ந்த டம்பர் லாரி. "ஒவ்வொரு மெஷின் வர்றப்பவும் ஒரு தெருவே வூட்டுக்குப் போயிரும் சிஸ்டர்" என்றார். அதில் கோபம் இல்லை. அந்தக் கூடைக் காலம் நன்றாக இருந்தது என்றும் அவர் ஒருபோதும் சொன்னதில்லை. "கூடை சொமந்து சொமந்து எங்க வூட்ல அதுக்கு இன்னமும் தலைய ஒரு பக்கமாத்தான் திருப்ப முடியும்" என்றார்.

நான் சேர்ந்த இரண்டாம் ஆண்டு, வெட்டு அவருடைய பழைய நிலத்துக் கிணற்றை எட்டியது. கல் கட்டிய அகலக் கிணறு. அன்று அவருக்கு ஓய்வு நாள். ஆனாலும் வந்துவிட்டார். வேறு மேட் பார்த்துக்கொள்வார், நீங்கள் வீட்டுக்குப் போங்கள் என்று அதிகாரி சொன்னார். "நானே பாத்துக்கறேங்க" என்றார். வழக்கம்போலச் சிவப்புத் துணியோடு என் வாசலுக்கு வந்தார், வழக்கமாகச் சொல்வதைச் சொன்னார். போகிறவர் நின்று திரும்பி, "கெணத்துல இன்னமும் தண்ணி கெடக்குது சிஸ்டர்" என்றார். வெடித்த பிறகு வந்து தூக்குவாளியைத் திறந்து சோற்றைப் பிசைந்து முழுதாகச் சாப்பிட்டார். நான் அவரையே பார்த்துக்கொண்டிருந்தேன். என்ன எதிர்பார்த்தேன் என்று எனக்கே தெரியவில்லை. "சம்பளம் வாங்குற வேலதானே" என்று மட்டும் சொல்லிக் கை கழுவப் போனார்.

இனி எழுத வேண்டியதை எழுத எனக்கு இத்தனை வருடம் ஆகியிருக்கிறது.

மூன்றாம் ஆண்டு பங்குனி. பெரிய பாறைகளை உடைக்கும் மெஷின் பழுதாகி நின்றது. ஆலைக்குக் கல் போயாக வேண்டும் என்று காண்ட்ராக்ட் ஆட்களிடம் சம்மட்டியைக் கொடுத்துவிட்டார்கள். கண்ணாடி கொடுக்கவில்லை. முற்பகலில் நான்கு பேர் மேட்டுவின் தம்பியைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். கல் சில்லு இடது கண்ணில் பாய்ந்திருந்தது. அவர் கத்தவில்லை. "என்ன ஆச்சு, என்ன ஆச்சு" என்று என்னிடமே கேட்டுக்கொண்டிருந்தார். கண்ணைத் தொடாமல் மூடிக் கட்டினேன். உடனே திருச்சிக்குக் கொண்டுபோக வேண்டும் என்றேன். அதற்குள் சுரங்க அதிகாரியும் காண்ட்ராக்டரின் சூப்பர்வைசரும் வந்துவிட்டார்கள். அதிகாரி என் மேசையில் இருந்த பதிவேட்டை எடுத்து என் முன்னால் விரித்தார்.

"சிஸ்டர், இங்க பட்டதுன்னு எழுதினீங்கன்னா விசாரணை முடியற வரைக்கும் ஆள நகர்த்த முடியாது. வீட்டுல வெறகு பொளக்கறப்ப பட்டதுன்னு எழுதுங்க. ஜீப் ரெடியா நிக்குது, இப்பவே திருச்சிக்குப் போயிரும்" என்றார்.

அப்படி ஒரு விதியும் கிடையாது என்று எனக்கு அப்போது தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டியவள்தான், தெரிந்துகொள்ளவில்லை. படுக்கையில் கிடந்தவரின் கால் விரல்கள் விறைத்து விறைத்துத் தளர்ந்தன. எழுதினேன். சாட்சிக் கையெழுத்து ஒன்று வேண்டும் என்றார்கள். அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தேன். வாசலில் மேட்டு நின்றுகொண்டிருந்தார், பள்ளத்திலிருந்து ஓடி வந்த மூச்சு இன்னும் அடங்கவில்லை. அதிகாரி அவர் தோளில் கை வைத்து மெதுவான குரலில், "உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன், நாழியாவுது" என்றார். மேட்டு தம்பியைப் பார்த்தார். பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டார். ஜீப் கிளம்பியது.

கண் போய்விட்டது. ஜீப் எவ்வளவு வேகமாகப் போயிருந்தாலும் போயிருக்கும் என்று திருச்சி டாக்டர் சொன்னாராம். அது எனக்கு ஆறுதலாகவே இல்லை. வீட்டில் அடிபட்ட ஆளுக்கு யார் பொறுப்பு? காண்ட்ராக்டர் அவரை மறுபடி வேலைக்குச் சேர்க்கவில்லை. ஒற்றைக் கண்ணோடு சுரங்கத்தில் விடக் கூடாது, அது விதி என்றார்கள். அந்த விதி மட்டும் அவர்களுக்குச் சரியாக ஞாபகம் இருந்தது. அவர் நாலு ஆடு வாங்கி மேய்த்தார், அவர் மனைவி சின்ன வெங்காயம் அறுக்கப் போனார். மேட்டு மறுநாளும் என் வாசலுக்கு வந்து நின்றார். "சிஸ்டர், காதப் பொத்திக்குங்க" என்றார். ஒரு வார்த்தை திட்டியிருந்தால் நான் அழுது தீர்த்திருப்பேன். அவரும் திட்டவில்லை, நானும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. இரண்டு ஆண்டுகள் இப்படியே போயின. நாங்கள் இரண்டு பேரும் ஒரே தாளில் கையெழுத்துப் போட்டவர்கள் என்பது எங்கள் இருவருக்கும் நடுவில் எப்போதும் நின்றுகொண்டிருந்தது.

அதற்குள் சுரங்கமும் மாறிவிட்டது. மஞ்சள் ஹெல்மெட்டுகள் ஓய்வுபெற்றுப் போகப் போக அந்த இடத்துக்கு மஞ்சள் வரவில்லை, நீலம் வந்தது. பிறகு நீலத்துக்கும் நம்மூர் ஆட்கள் குறைந்து, வடக்கிலிருந்து ரயிலேறி வந்தவர்கள் வந்தார்கள். துளை போடும் மெஷினில் அப்படி நான்கு பேர் இருந்தார்கள். தமிழ் தெரியாது. தலைவலி என்றால் தலையைத் தொட்டுக் காட்டுவார்கள், நான் மாத்திரை கொடுத்து விரலால் இரண்டு வேளை என்று காட்டுவேன். மேட்டு அவர்களையும் எண்ணினார். பெயர் வாயில் நுழையாததால் ஒன்று, இரண்டு, மூன்று, நாலு என்றே கூப்பிட்டார். அவர்களும் தமிழில் முதலில் கற்றுக்கொண்டது அந்த நான்கு எண்களைத்தான்.

ஐப்பசி மழை விட்ட ஒரு நாள். முந்தின நாள் மதியம் வெடி வைத்திருந்தார்கள். வரிசையாகத் துளைத்து வெடிமருந்து நிரப்பிய குழிகளில் ஒன்று வெடிக்கவில்லை என்று மேட்டு அன்று மாலையே சொன்னார். அந்த இடத்தில் பாறை அசையாமல் நிற்கிறது, விரிசல்கூட இல்லை என்றார். அதிகாரி வந்து பார்த்துவிட்டு எல்லாம் வெடித்தாயிற்று, அது கெட்டிப் பாறை, அவ்வளவுதான் என்றார். வெடி வைக்கும் சான்றிதழ் பெற்றவர் ஊரில் இல்லை, தங்கை கல்யாணத்துக்கு மீன்சுருட்டி போயிருந்தார். வெடிக்காத குழி என்ற சந்தேகம் வந்தால் அவர் வந்து பார்த்துச் சொல்லும்வரை பக்கத்தில் யாரும் துளை போடக் கூடாது. போட்டால் உள்ளே கிடக்கும் மருந்து வெடிக்கும் என்பது சுரங்கத்தில் கூட்டிப் பெருக்குகிற அம்மாவுக்குக்கூடத் தெரியும். ஆனால் ஆலையில் கல் இருப்பு தீர்ந்துகொண்டிருந்தது. காலை ஷிப்டில் அந்த வடக்கத்தி ஆட்கள் நான்கு பேரையும் மெஷினோடு அதே இடத்துக்கு அனுப்பினார்கள்.

சற்று நேரத்தில் என் அறை போன் அடித்தது. அதிகாரி பேசினார். "சிஸ்டர், மேட்டுக்கு ஒடம்பு சரியில்ல. பிரஷர் ஏறிக் கெடக்குது, தாறுமாறா நடந்துக்கறாரு. பிரஷர் பாக்குற மெஷினை எடுத்துட்டுக் கீழ வாங்க" என்றார். எதை எழுத வேண்டும் என்று அதிலேயே சொல்லிவிட்டார் என்பது ஜீப்பில் ஏறிய பிறகுதான் எனக்கு உறைத்தது.

கீழே போய்ப் பார்த்தால், துளை போடும் மெஷினுக்கு முன்னால் ஈரக் கல்மேல் மேட்டு சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார். சிவப்புத் துணிக் கழியைக் கல் இடுக்கில் செருகியிருந்தார். பின்னால் மெஷின் உறுமிக்கொண்டிருந்தது. வடக்கத்தி ஆட்கள் என்ன நடக்கிறது என்று புரியாமல் ஓரமாக நின்றார்கள். அதிகாரி என்னிடம், "பாருங்க, எப்படி வேர்த்திருக்குதுன்னு. அன்ஃபிட்னு எழுதிக் குடுங்க. வூட்டுக்கு அனுப்பி ரெஸ்ட் எடுக்கச் சொல்லலாம்" என்றார். குரலில் அக்கறை இருந்தது. அவர் கெட்டவர் என்று இன்றும் என்னால் சொல்ல முடியவில்லை. அவருக்கு மேலே இருந்தவர் காலையிலிருந்து போனில் கத்திக்கொண்டிருந்தார்.

நான் மேட்டுவின் பக்கத்தில் மண்டியிட்டேன். மெல்லிய கை, பிரஷர் பட்டி இரண்டு சுற்று வந்தது. காற்றடித்து, ஸ்டெதஸ்கோப்பை வைத்தேன். மெஷின் சத்தத்தில் ஒன்றும் கேட்கவில்லை. "அத நிறுத்தச் சொல்லுங்க" என்றேன். நிறுத்தினார்கள். பள்ளம் திடீரென்று அமைதியானது. தண்ணீர் எங்கோ சொட்டுவது கேட்டது.

"அண்ணே, உறுதியாத் தெரியுமா?" என்று மெதுவாகக் கேட்டேன்.

"உறுதியால்லாம் தெரியாது சிஸ்டர். நான் சொல்றது தப்பாக்கூட இருக்கலாம்" என்றார். தோளுக்குப் பின்னால் பார்க்காமல் முதல் முறையாக என் முகத்தைப் பார்த்தார். "தப்பா இருந்தா ஒரு நாள் கல்லு போவாது. சரியா இருந்தா நாலு பேரு போயிருவானுங்க. அவனுங்க ஆத்தாளுக்கு யாரு சேதி சொல்றது? எந்த ஊருன்னுகூட நமக்குத் தெரியாது."

ரத்த அழுத்தம் அந்த வயதுக்கு இருக்க வேண்டியபடியே இருந்தது. நாடி கொஞ்சம் வேகம், அவ்வளவுதான். "என்ன எழுதப் போறீங்க?" என்றார். "இருக்கறதத்தாண்ணே" என்றேன். எழுந்து நின்று, தாளை ஜீப் முகப்பில் வைத்து, வேலைக்குத் தகுதியான உடல்நிலையில் இருக்கிறார் என்று எழுதி நேரத்தையும் போட்டு அதிகாரியிடம் நீட்டினேன். அவர் அதைப் படித்துவிட்டு மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். உடம்பு நன்றாக இருக்கிற ஒரு மேட், சந்தேகம் என்று சொல்லி உட்கார்ந்திருக்கிறார் என்று இப்போது எழுத்தில் ஆகிவிட்டது. அதற்கு மேல் மெஷினை ஓட்டச் சொல்ல யாருக்கும் துணிச்சல் இல்லை. பக்கத்துச் சுரங்கத்துக்குப் போன் போட்டார்கள்.

அங்கிருந்து வெடிக்காரர் வந்து சேர மதியமாகிவிட்டது. அதுவரை மேட்டு இடத்தை விட்டு எழவில்லை. யாரோ கொண்டுவந்த டீயையும் அங்கேயே குடித்தார். வந்தவர் நிதானமாகக் கல்லை ஒவ்வொன்றாக நகர்த்திப் பார்த்தார். வெடிக்காத மருந்தின் வயர் நுனி ஒரு கைப்பிடி அளவு, கல்லுக்கடியில் நசுங்கிக் கிடந்தது. அவர் நிமிர்ந்து எல்லோரையும் மேலே போகச் சொல்லிக் கையைக் காட்டினார். மெஷின் நின்றிருந்த இடத்துக்கும் அந்த வயருக்கும் நடுவே ஒரு ஆள் படுக்கலாம், அவ்வளவு தூரம்தான். மாலை அதை வெடிக்க வைத்தார்கள். நான் மேலே நின்று பார்த்தேன். அந்த நான்கு பேரும் என் பக்கத்தில் நின்றார்கள். புழுதி எழுந்தபோதுதான் காலையில் என்ன நடக்கவிருந்தது என்று அவர்களுக்கு முழுதாகப் புரிந்தது. மேட்டு வந்து அவர்களை ஒன்று, இரண்டு, மூன்று, நாலு என்று எண்ணினார்.

அவரை யாரும் பாராட்டவில்லை. திட்டவும் இல்லை. அடுத்த மாதம் அவரைப் பள்ளத்திலிருந்து மாற்றி, கழிவு மண் மேட்டில் மரக்கன்று வைக்கும் பகுதிக்கு அனுப்பினார்கள். வயதாகிவிட்டது, இனி இலகுவான வேலை பார்க்கட்டும் என்று காரணம் சொன்னார்கள். "இனிமே செடியத்தான் எண்ணணும். அது எங்கயும் ஓடாது" என்று என்னிடம் சொல்லிச் சிரித்தார். எனக்கு வந்தது ஒரு தாள். ஒப்பந்தக் காலம் முடிகிறது, புதுப்பிக்கப்படவில்லை. ஏஜென்சி மூலம் வந்தவள்தான் நான் என்பதே எனக்கு அன்றுதான் உறைத்தது. ஐந்து ஆண்டுகளும் வெள்ளை உடுப்புப் போட்டுக்கொண்டு, நீல ஹெல்மெட்டுகளைப் பார்த்து இரக்கப்பட்டுக்கொண்டிருந்தவள், நானும் நீலம்தான்.

கணக்குத் தீர்த்து நான் கிளம்புகிற நாளில் மேட்டு வந்தார். கையில் மண். "அன்னைக்குக் கீழ உள்ளத உள்ளபடி எழுதினீங்க" என்றார். கொஞ்சம் நின்று, "அதுக்கு முந்தி எழுதினத என்னா பண்றது?" என்றார். இரண்டு ஆண்டுகளாக நான் எதிர்பார்த்துப் பயந்துகொண்டிருந்த கேள்வி. அது இவ்வளவு சாதாரணமாக, மண்வெட்டியைக் கீழே வைத்த கையோடு வந்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை இருவரும் தம்பி வீட்டுக்குப் போனோம். கண்ணில் கல் பாய்ந்தது சுரங்கத்தில்தான், அன்று எழுதியது பொய், அதைச் செய்தது நாங்கள் இருவரும் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு எடுத்துப் போயிருந்தோம். தொழிலாளர் அலுவலகத்தில் மனுப் போடலாம் என்றோம். தம்பி அந்தத் தாளைக் கையில்கூட வாங்கவில்லை. ஆட்டுக்குத் தழை ஒடித்துப் போட்டுக்கொண்டே பேசினார்.

"போன கண்ணு போச்சு. இப்ப ஒங்க ரெண்டு பேரு மனசும் ஆறணும்னு நான் ஆபீஸ் ஆபீசா அலையணுமா?"

அவர் கேட்டதில் ஒரு சொல்கூடத் தப்பு இல்லை. மேட்டு குந்தி, கீழே கிடந்த தழையை எடுத்து ஆட்டுக்கு நீட்டினார். பிறகு, "நீ அலைய வேணாம். நான் அலையறேன். நீ ரேகை மட்டும் வையி" என்றார். "எனக்குக் கையெழுத்துப் போடத் தெரியும்" என்றார் தம்பி. தாளை வாங்கி, சுவரில் வைத்து, பெரிய எழுத்தில் தன் பெயரை எழுதினார்.

வழக்கு வருடக் கணக்கில் இழுத்தது. காண்ட்ராக்டர் கம்பெனியை மூடி வேறு பெயரில் திறந்தார். ஆலை, எங்கள் ஆளே இல்லை என்றது. மேட்டு ஓய்வுபெற்றார். இருமல் வந்தது. ஆனாலும் ஒவ்வொரு வாய்தாவுக்கும் மஞ்சப்பையில் தாள்களை வைத்துக்கொண்டு காலை பஸ்ஸில் திருச்சிக்குப் போய் உட்கார்ந்தார். நான் அரசுத் தேர்வு எழுதி எங்கள் பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்தில் சேர்ந்திருந்தேன். சாட்சி சொல்ல ஒருமுறை போனேன். அன்று எதிர்த்தரப்பு வக்கீல் மேட்டுவிடம், "அன்றைக்குப் பொய்க் கையெழுத்துப் போட்டேன் என்கிறீர்கள். இன்றைக்குச் சொல்வது மட்டும் உண்மை என்று எப்படி நம்புவது?" என்று கேட்டார். மேட்டு யோசித்துத்தான் பதில் சொன்னார். "அன்னைக்குச் சொன்னதுல என் வேல நெலச்சுதுங்க. இன்னைக்குச் சொல்றதுல எனக்கு என்ன வந்துரப் போவுது? தம்பி மூஞ்சியப் பாக்கலாம், அவ்வளவுதான்."

போன தை மாதம் உத்தரவு வந்தது. படித்துச் சொல்ல என்னை வரச் சொன்னார்கள். பெரம்பலூரில் ஒரு பயிற்சிக்குப் போனவள் திரும்பும் வழியில் இறங்கினேன். அந்தச் சுரங்கத்தில் கல் தீர்ந்து வருடங்கள் ஆகின்றன. பள்ளம் முழுக்க நீலமாகத் தண்ணீர் நிற்கிறது, சுற்றிக் கம்பிவேலி. மேட்டு வைத்த கன்றுகள் கழிவு மண் குவியலில் மரமாகியிருக்கின்றன, அவற்றின் அடியில் அவர் தம்பியின் ஆடுகள் மேய்கின்றன. தம்பி மகள் பெரம்பலூர்ப் பக்கம் ஒரு ஷூ கம்பெனிக்குப் போகிறாள், காலையில் கம்பெனி பஸ் தெரு முனைக்கே வருகிறது. கழுத்தில் அட்டை தொங்க அவள் அப்போதுதான் ஷிப்ட் முடிந்து வந்திருந்தாள். சேர்ந்த அன்றே, வேலை உத்தரவில் என்ன எழுதியிருக்கிறது என்று பெரியப்பா வரி வரியாகப் படிக்கச் சொன்னார் என்று சிரித்தாள்.

மேட்டு தன் வீட்டுக் கட்டிலில் உட்கார்ந்திருந்தார். பாதிப் பேச்சில் மூச்சு நின்று வாங்கியது. நான் தாளைப் பிரித்து மெதுவாகப் படித்தேன். நஷ்டஈட்டுத் தொகை பெரிதல்ல, அதில் பாதியும் எப்போது கைக்கு வரும் என்று தெரியாது. அதையெல்லாம் தம்பி கவனிக்கவில்லை. "சுரங்கத்தில் பணியில் இருந்தபோது ஏற்பட்ட காயம்" என்ற இடம் வந்ததும் கையைக் காட்டி நிறுத்தினார். "அத இன்னொரு வாட்டி படிங்க சிஸ்டர்" என்றார். படித்தேன். வீட்டில் விறகு பிளந்தபோது கண்ணைப் போக்கிக்கொண்டவன் என்று ஊரில் அவரைக் கேலி செய்தவர்கள் இருந்தார்கள் என்பது எனக்கு அன்றுதான் தெரிந்தது.

மேட்டு கேட்டார். "நாம பொய் சொன்னோம்னு அதுல எழுதியிருக்கா?"

இருந்த பக்கங்களை எல்லாம் திருப்பிப் பார்த்தேன். "இல்லண்ணே. பிந்தைய சாட்சியத்தை ஏற்கிறோம்னு மட்டும் இருக்கு."

"எழுதியிருக்கலாம்" என்றார் அவர்.

அவர் மனைவி, கழுத்தைத் திருப்ப முடியாததால் உடம்போடு திரும்பி, எனக்கு டீ நீட்டினார். தம்பி எழுந்து போய் அண்ணன் முதுகுக்குப் பின்னால் சரிந்திருந்த தலையணையை நிமிர்த்தி வைத்தார்.

பஸ் ஏற்றிவிடத் தம்பிதான் கூட வந்தார். பஸ் நிற்கும் இடம் சாலைக்கு அந்தப் பக்கம். வேறு சுரங்கங்களிலிருந்து கல் ஏற்றிய லாரிகள் இன்னமும் அந்தச் சாலையில் விடாமல் போகின்றன. அவருக்குக் கண் இல்லாத பக்கத்திலிருந்துதான் லாரிகள் வந்தன. நான் காலை எடுத்து வைத்தேன். அவர் என் முன்னால் கையை நீட்டித் தடுத்தார். தலையை முழுதாக இடப் பக்கம் திருப்பி, கடைசி லாரி கடந்து புழுதி அடங்கும்வரை நின்று பார்த்தார்.

"வாங்க சிஸ்டர். இப்பப் போலாம்" என்றார்.